ஒலிம்பிக் கால்பந்தில் ஆண்களுக்கு மட்டும் ஏன் வயது வரம்பு?

கேள்வி இதுதான்: ஒலிம்பிக் கால்பந்தில் ஆண்கள் அணிக்கு 23 வயது வரம்பு இருக்கிறது, பெண்கள் அணிக்கு அப்படி எதுவும் கிடையாது. ஏன் இந்த வித்தியாசம்? பெரிய ஆட்டக்காரர்கள் வராத ஒரு போட்டியை ஆண்களுக்கு எதற்காக நடத்த வேண்டும்? அந்தத் தங்கத்துக்கு என்ன மதிப்பு?

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அந்த 23 என்ற எண்ணுக்கும் வயதுக்கும் பெரிய சம்பந்தம் இல்லை. இளைஞர்களை வளர்க்க வேண்டும் என்று யாரும் உட்கார்ந்து யோசித்து அதை வைக்கவில்லை. தன் உலகக் கோப்பைக்குப் பக்கத்தில் இன்னொரு உலகக் கோப்பை முளைத்துவிடக் கூடாது என்று உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபா போட்ட வேலி அது. பெண்கள் கால்பந்து ஒலிம்பிக்குக்கு வந்த காலத்தில் ஃபிஃபாவிடம் வேலி போட்டுக் காப்பாற்றும் அளவுக்குப் பெண்கள் தோட்டம் எதுவும் இல்லை. அதனால் வேலியும் இல்லை. மிச்சமெல்லாம் இதன் விளக்கம்தான். ஆனால் விளக்கம் கொஞ்சம் நீளம்.

கதையை 1924-லிருந்து ஆரம்பிக்கலாம். அதற்கு முன்பும் ஒலிம்பிக்கில் கால்பந்து உண்டு. 1908 லண்டனில் டென்மார்க் பிரான்சை 17-1 என்று அடித்தது. அதில் 10 கோல் சோஃபஸ் நீல்சன் என்ற ஒரே ஆள் போட்டது. 1920 ஆண்ட்வெர்ப் இறுதி ஆட்டத்தில் நடுவர் சரியில்லை என்று செக்கோஸ்லோவாக்கியா அணி முதல் பாதியிலேயே மைதானத்தை விட்டுக் கிளம்பிப் போனது, தங்கம் பெல்ஜியத்துக்குப் போனது. நம்மூர் கோடை விடுமுறை டோர்னமென்ட் மாதிரிதான் இருந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1924 பாரிஸில் உருகுவே வந்து இறங்கியதும் எல்லாம் மாறிவிட்டது. ஐரோப்பா அதுவரை பார்க்காத ஆட்டம். யூகோஸ்லாவியாவை 7-0, இறுதியில் சுவிட்சர்லாந்தை 3-0. ஜெயித்த பிறகு மைதானத்தைச் சுற்றி ஓடி ரசிகர்களுக்குக் கையசைத்தார்கள். தென் அமெரிக்காவில் இன்றும் அந்தச் சுற்றுக்கு ‘ஒலிம்பிக் சுற்று’ என்றுதான் பெயர். நான்கு வருஷம் கழித்து ஆம்ஸ்டர்டாமில் இறுதி ஆட்டத்தில் அர்ஜென்டினாவுடன் 1-1. மறு ஆட்டம் வைத்து 2-1 என்று உருகுவே மறுபடியும் தங்கம் வாங்கியது. உருகுவே சட்டையில் நான்கு நட்சத்திரம் இருப்பதைப் பார்த்து, ‘இரண்டு உலகக் கோப்பைதானே ஜெயித்தார்கள்?’ என்று பலர் கேட்பார்கள். மற்ற இரண்டும் இந்த 1924-ம் 1928-ம்தான். அன்றைக்கு அதுதான் உலகச் சாம்பியன் பட்டம், வேறு எதுவும் இல்லை.

இங்கேதான் சிக்கல். ஒலிம்பிக் என்றால் அமெச்சூர். சம்பளம் வாங்கி ஆடுகிறவனுக்கு இடமில்லை. ஆனால் கால்பந்தில் அந்த நேரத்தில் சம்பளம் ஊர் ஊராகப் பரவிக்கொண்டிருந்தது. வேலைக்குப் போகாமல் ஆட வந்த நாளுக்குக் கூலியை ஈடுகட்டினால் அவன் அமெச்சூரா இல்லையா என்பதே பெரிய சண்டை. இந்தத் தலைவலி வேண்டாம் என்று 1928-ல் ஃபிஃபா தனக்கென்று ஒரு போட்டி நடத்த முடிவு செய்தது. 1930-ல் உருகுவேயில் முதல் உலகக் கோப்பை. 1932 லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கில் கால்பந்தே இல்லை. 1936-ல் திரும்பி வந்தது, ஆனால் அண்ணன் தம்பி பாகம் பிரித்தாகிவிட்டது. நல்ல நிலம் ஃபிஃபா பக்கம் போய்விட்டது.

அதன் பிறகு வந்த காலம் விசித்திரமானது. மேற்கு ஐரோப்பாவிலும் தென் அமெரிக்காவிலும் நல்ல ஆட்டக்காரர்கள் எல்லாம் தொழில்முறை ஆட்களாகிவிட, ஒலிம்பிக்குக்கு இரண்டாம் வரிசை, மூன்றாம் வரிசை ஆட்கள் போனார்கள். கிழக்கு ஐரோப்பாவில் மட்டும் கணக்கு வேறு. அங்கே ஒரு வீரர் காகிதத்தில் ராணுவ அதிகாரி, இல்லையென்றால் ஆலைத் தொழிலாளி. நடப்பில் காலை முதல் மாலை வரை பந்துதான். தொழில்முறை என்ற சொல்லே அங்கே கிடையாது என்பதால் அத்தனை பேரும் சட்டப்படி அமெச்சூர். 1952-ல் ஹங்கேரி தங்கம் வாங்கியபோது அணியில் புஷ்காஷ் இருந்தார். 1956-ல் சோவியத் அணிக்கு லெவ் யாஷின் கோல்கீப்பர். 1952 முதல் 1980 வரை நடந்த எட்டு ஒலிம்பிக்கிலும் தங்கம் கிழக்கு ஐரோப்பாவுக்கே: ஹங்கேரி மூன்று முறை, சோவியத் யூனியன், யூகோஸ்லாவியா, போலந்து, கிழக்கு ஜெர்மனி, செக்கோஸ்லோவாக்கியா ஒவ்வொரு முறை.

இந்தியாவின் ஒலிம்பிக் கால்பந்துப் பெருமையும் இதே காலத்தைச் சேர்ந்ததுதான். 1948 லண்டனில் பெரும்பாலும் வெறுங்காலோடு ஆடி பிரான்சிடம் 1-2 என்று தோற்றோம். நம் கோலைப் போட்டவர் சாரங்கபாணி ராமன். கிடைத்த இரண்டு பெனால்டியும் வீண். 1956 மெல்போர்னில் ஆஸ்திரேலியாவை 4-2 என்று ஜெயித்தபோது நெவில் டிசூசா மூன்று கோல் போட்டார். அரையிறுதியில் யூகோஸ்லாவியாவிடம் 1-4, வெண்கலத்துக்கான ஆட்டத்தில் பல்கேரியாவிடம் 0-3, ஆக நான்காம் இடம். இதைச் சொல்லும்போது அந்தப் போட்டியில் மொத்தமே 11 அணிகள்தான் என்பதையும், பிரேசிலும் இத்தாலியும் அர்ஜென்டினாவும் அங்கே இல்லை என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட வேண்டும். சொன்னால் சிலருக்குக் கோபம் வரும். வரட்டும், நான்காம் இடம் நான்காம் இடம்தான். அதை யாரும் பிடுங்கப் போவதில்லை. கடைசியாக நம் ஆண்கள் அணி ஒலிம்பிக்கில் ஆடியது 1960 ரோமில். தமிழ்நாட்டைச் சேர்ந்த சைமன் சுந்தரராஜ் அந்த அணியில் இருந்தார்.

சரி, வயது வரம்புக்கு வருவோம். 1980-களில் ஒலிம்பிக் கமிட்டி அமெச்சூர் பிடிவாதத்தை மெல்லக் கைவிட ஆரம்பித்தது. மைதானம் நிறைய வேண்டும், டிவி உரிமை விற்க வேண்டும். கால்பந்து நடத்தினால் ஒரே நாளில் நான்கு ஊரில் நான்கு பெரிய ஸ்டேடியங்களுக்கு டிக்கெட் விற்கலாம். தொழில்முறை ஆட்களை விடுங்கள் என்றார்கள். ஃபிஃபாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. எல்லா நட்சத்திரங்களும் வந்துவிட்டால் நான்கு வருஷத்துக்கு ஒருமுறை நடக்கும் இன்னொரு உலகக் கோப்பை ஆகிவிடுமே! பேரம் பேசி 1984-ல் ஒரு நடுவழி கண்டுபிடித்தார்கள்: தொழில்முறை ஆட்கள் வரலாம், ஆனால் ஐரோப்பாவையும் தென் அமெரிக்காவையும் சேர்ந்தவர்கள் உலகக் கோப்பையில் ஆடியிருக்கக் கூடாது. அந்த வருஷம் லாஸ் ஏஞ்சலிஸ் பக்கம் பாசடீனாவில் இருக்கும் ரோஸ் பௌல் மைதானத்தில் பிரான்ஸ்-பிரேசில் இறுதி ஆட்டத்தைப் பார்க்க 1,01,799 பேர் வந்தார்கள். கால்பந்தே தெரியாத நாடு என்று பெயர் எடுத்திருந்த அமெரிக்காவில்! ஃபிஃபாவின் பயத்துக்கும் ஒலிம்பிக் கமிட்டியின் ஆசைக்கும் அந்த ஒரு எண் போதும்.

‘உலகக் கோப்பையில் ஆடாதவர்’ என்ற விதியைக் கண்காணிப்பது தொல்லை. 1992 பார்சிலோனாவில் அதை எடுத்துவிட்டு 23 வயது என்று நேர்கோடாகப் போட்டார்கள். எல்லாக் கண்டங்களுக்கும் ஒரே விதி. சொந்த மண்ணில் ஸ்பெயின் தங்கம் வாங்கியது. அந்த அணியில் குவார்டியோலா, லூயிஸ் என்ரிகே என்று இரண்டு பையன்கள் இருந்தார்கள். ஆனால் நட்சத்திரமே இல்லாமல் டிக்கெட் எப்படி விற்பது? 1996-ல் ஒரு ஜன்னலைத் திறந்துவிட்டார்கள்: அணிக்கு மூன்று பேர் வயது கூடியவர்களாக இருக்கலாம். இன்று வரை இதுதான் விதி. டோக்கியோ ஒரு வருஷம் தள்ளிப்போனதால் அந்த முறை மட்டும் வரம்பை 24 ஆக்கினார்கள், அவ்வளவுதான்.

வேலி போட்டதால் ஆட்டம் கெட்டுவிட்டதா என்றால், இல்லை. 1996 அரையிறுதி ஒன்றே சாட்சி. பிரேசில் பக்கம் ரொனால்டோ, பெபெட்டோ, ரிவால்டோ. நைஜீரியா 1-3 என்று பின்தங்கி, ஒகோச்சா அடித்த பெனால்டியும் தடுக்கப்பட்டு, முடிந்தது என்று எல்லோரும் எழுந்துவிட்ட நிலைமை. 78-வது நிமிடத்தில் இக்பேபா ஒன்று போட்டார். 90-வது நிமிடத்தில் கோல் வாசலில் பந்து கானுவின் காலுக்கு வந்தது. முதுகு கோல் பக்கம். அவர் பந்தை லேசாக மேலே தூக்கிவிட்டுத் திரும்பி உள்ளே தட்டினார். கூடுதல் நேரம் தொடங்கி நான்காவது நிமிடத்தில் அதே கானு கோல்டன் கோல், அதாவது விழுந்த அந்த நொடியே ஆட்டத்தை முடித்துவிடும் கோல். 4-3. இறுதியிலும் அர்ஜென்டினாவிடம் 1-2 என்று பின்தங்கி 3-2 என்று ஜெயித்தார்கள். ஆப்பிரிக்காவுக்குக் கால்பந்தில் முதல் ஒலிம்பிக் தங்கம். அடுத்த முறை சிட்னியில் கேமரூன் வாங்கியது. எந்த ஆப்பிரிக்க அணியும் இன்னும் ஆண்கள் உலகக் கோப்பையின் இறுதி ஆட்டத்தைத் தொட்டதில்லை என்பதோடு இதை வைத்துப் பாருங்கள். பணக்கார நாடுகளின் மூத்த ஆட்களை வடிகட்டிவிட்டால் களம் எவ்வளவு சமமாகிறது என்பது தெரியும்.

வேலியின் இன்னொரு முள் பலருக்குத் தெரியாது. வயது வரம்புக்குள் இருக்கும் ஆளைக்கூட அனுப்ப வேண்டிய கட்டாயம் கிளப்புகளுக்கு இல்லை. ஃபிஃபா வெளியிடும் சர்வதேச ஆட்டக் காலண்டரில் இருக்கும் போட்டிகளுக்குத்தான் கிளப் தன் ஆளை விட்டுக்கொடுத்தாக வேண்டும். ஆண்கள் ஒலிம்பிக் அந்தக் காலண்டரில் இல்லை. 2008-ல் இது வழக்காகவே போனது. மெஸ்ஸிக்கு அப்போது 21 வயது. பார்சிலோனாவுக்கோ சாம்பியன்ஸ் லீக் தகுதிச் சுற்று இருந்தது, அனுப்ப மனமில்லை. ஃபிஃபாவே ‘23-க்குக் கீழ் இருப்பவரை அனுப்பித்தான் ஆக வேண்டும்’ என்று சொல்லிப் பார்த்தது. விளையாட்டு நடுவர் மன்றம், காலண்டரில் இல்லாத போட்டிக்குக் கட்டாயம் இல்லை என்று கிளப் பக்கம் தீர்ப்பு சொன்னது. அர்ஜென்டினாவின் முதல் ஆட்டத்துக்கு முந்தின நாள்! மெஸ்ஸி அப்போது சீனாவில் இருந்தார். கடைசியில் புதிதாக வந்திருந்த கோச் ‘இருக்கட்டும், ஆடட்டும்’ என்று விட்டுவிட்டார். அந்தக் கோச் வேறு யாருமில்லை, 1992-ல் தங்கம் வாங்கிய அதே குவார்டியோலா. மறுநாள் மெஸ்ஸி கோல் போட்டார், அர்ஜென்டினா தங்கத்தோடு ஊர் திரும்பியது. 2024-ல் பிரான்சின் எம்பாப்பேக்கு இந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. சொந்த ஊர் பாரிஸில் ஒலிம்பிக், புதிதாகச் சேர்ந்த ரியல் மாட்ரிட் விடவில்லை.

‘எதற்காக நடத்த வேண்டும்’ என்று கேட்டீர்கள். பிரேசில்காரர்களிடம் கேளுங்கள். ஐந்து உலகக் கோப்பை வைத்திருந்தவர்களிடம் 2016 வரை இந்தத் தங்கம் மட்டும் இல்லை. மாரக்கானாவில் ஜெர்மனியோடு இறுதி ஆட்டம். அதற்கு இரண்டு வருஷம் முன்புதான் அதே நாட்டில் 1-7 என்று ஜெர்மனியிடம் அடி வாங்கியிருந்தார்கள். ஜெர்மனியின் இந்த அணி வேறு, பையன்கள் வேறு, யாருக்குக் கவலை? கடைசிப் பெனால்டியை அடித்துவிட்டு நெய்மர் அங்கேயே மண்டியிட்டு அழுதார். அல்லது தென் கொரியர்களிடம் கேளுங்கள். அங்கே ஆண்கள் எல்லோருக்கும் கட்டாய ராணுவ சேவை உண்டு. ஒலிம்பிக்கில் ஏதாவது ஒரு பதக்கம் வாங்கினாலோ, ஆசிய விளையாட்டுப் போட்டியில் தங்கம் வாங்கினாலோ அந்தச் சேவையிலிருந்து பெரும் விலக்கு. 2012-ல் வெண்கலத்துக்காக ஜப்பானை 2-0 என்று ஜெயித்த அணிக்கு அந்தப் பதக்கம் ஏறக்குறைய இரண்டு வருஷ வாழ்க்கை. கொரியாவின் நட்சத்திரம் சோன் ஹியுங்-மின் அந்த அணியில் இல்லை. 2018 ஆசிய விளையாட்டில், வயது கூடிய மூவரில் ஒருவராக ஆடி, தங்கம் வாங்கித்தான் தப்பித்தார். ஆசிய விளையாட்டிலும் 2002-லிருந்து இதே 23 வயதுக் கணக்குத்தான். 1951-லும் 1962-லும் இந்தியா தங்கம் வாங்கிய போட்டி முழு அணிகளின் போட்டி. இப்போது நடப்பது வேறு.

இனி பெண்கள் பக்கம். எனக்குப் பேச ஆசையே இங்கேதான்.

ஆண்கள் உலகக் கோப்பை 1930-ல் வந்தது என்றேன். பெண்களுக்கு ஃபிஃபா முதல் போட்டி நடத்தியது 1991-ல், சீனாவில். உலகக் கோப்பை என்று பெயர் வைக்கக்கூட அப்போது தயங்கினார்கள். ஒரு மிட்டாய்க் கம்பெனியின் பெயரில் கோப்பை, ஆட்டம் 90 நிமிடத்துக்குப் பதில் 80 நிமிடம். அதற்கும் பின்னால் போனால், 1921-ல் இங்கிலாந்து கால்பந்துச் சங்கம் தன் மைதானங்களில் பெண்கள் ஆடக் கூடாது என்று தடை போட்டது. அதற்கு முந்தின வருஷம் டிசம்பரில்தான் லிவர்பூலில் ஒரு பெண்கள் ஆட்டத்துக்கு 53,000 பேர் வந்திருந்தார்கள். அந்தத் தடை ஏறக்குறைய ஐம்பது வருஷம் நீடித்தது. பிரேசிலில் 1941 முதல் 1979 வரை சட்டமே தடுத்தது.

ஆக, 1996 அட்லான்டாவில் பெண்கள் கால்பந்தைச் சேர்த்தபோது ஃபிஃபா பாதுகாக்க வேண்டிய சந்தை எதுவும் இல்லை. உலகம் முழுக்கத் தேடினாலும் 23 வயதுக்குக் கீழே தனி அணி கட்டும் அளவுக்குப் பெரும்பாலான நாடுகளில் ஆள் இல்லை. கிளப்புகளும் பெண்களுக்குச் சம்பளம் கொடுத்து ‘என் ஆளை விடமாட்டேன்’ என்று சண்டை போடும் நிலையில் இல்லை. மாறாக, பெண்கள் ஆட்டத்தை உலகம் பார்க்க ஒரு மேடை தேவைப்பட்டது. முழு அணியும் வரட்டும் என்று விட்டுவிட்டார்கள். தனிச் சலுகை என்று சொல்வதைவிட, அலட்சியத்தில் பிறந்த நல்லது என்றுதான் நான் சொல்வேன். இன்றைக்குப் பெண்கள் ஒலிம்பிக் ஃபிஃபாவின் பெண்கள் காலண்டரில் முறையாக இருக்கிறது. கிளப் தன் ஆளை விட்டே ஆக வேண்டும். மெஸ்ஸிக்கு நடந்தது பிரேசில் வீராங்கனை மார்த்தாவுக்கு நடக்காது.

1996-ல் எட்டே எட்டு அணிகள். இறுதியில் அமெரிக்கா சீனாவை 2-1 என்று ஜெயித்ததைப் பார்க்க ஜார்ஜியா மாநிலத்தில் 76,489 பேர் வந்தார்கள். அமெரிக்க டிவியோ ஆட்டத்தை முழுசாகக் காட்டவில்லை, துண்டு துண்டாகக் காட்டியது. மைதானத்துக்குத் தெரிந்தது டிவிக்குத் தெரியவில்லை.

பெண்கள் உலகக் கோப்பை முடிந்து வழக்கமாக ஒரு வருஷத்தில் ஒலிம்பிக் வருகிறது. அதே ஆட்கள், அதே கோச், அதே பகை. அப்படியானால் உலகச் சாம்பியன்தானே ஒலிம்பிக்கிலும் ஜெயிக்க வேண்டும்? இதுவரை ஒருமுறைகூட நடந்ததில்லை. 1995 சாம்பியன் நார்வே 1996-ல் வெண்கலம். 1999 சாம்பியன் அமெரிக்கா சிட்னி இறுதியில் நார்வேயிடம் கோல்டன் கோலில் தோற்றது. 2003-ம் 2007-ம் ஜெர்மனி, இரண்டு முறையும் வெண்கலம். 2011 ஜப்பான், லண்டனில் வெள்ளி. 2015 அமெரிக்கா, ரியோவில் காலிறுதியிலேயே வெளியே. 2019 அமெரிக்கா, டோக்கியோவில் வெண்கலம். 2023 ஸ்பெயின், பாரிஸில் நான்காம் இடம், கையில் ஒன்றுமில்லை.

காரணம் ஒன்று கண்ணுக்குத் தெரிகிறது. உலகக் கோப்பைக்கு 23 பேர் கொண்ட அணி. ஒலிம்பிக்குக்கு வழக்கமாக 18 பேர்தான். இடையில் இரண்டு நாள் ஓய்வு, மறுபடி ஆட்டம், ஊர் விட்டு ஊர் பயணம். பாரிஸ் ஒலிம்பிக் என்று பெயர், கால்பந்து நடந்தது நான்த், லியோன், மார்செய், நீஸ், போர்தோ, செயின்ட் எட்டியென் என்று நாடு முழுக்க. ஆறாவது ஆட்டத்துக்கு வரும்போது யாருடைய கால் மிச்சமிருக்கிறது என்பதுதான் கேள்வி.

ஒரு ஆட்டத்தை மட்டும் விரிவாகச் சொல்கிறேன். 2012 ஆகஸ்ட் 6, ஓல்ட் டிராஃபோர்டு, அரையிறுதி, அமெரிக்கா-கனடா. நம்மூர் நேரப்படி நள்ளிரவு தாண்டித்தான் ஆரம்பித்தது. கனடாவின் கேப்டன் கிறிஸ்டின் சின்க்ளேர் ஒரு கோல் போட்டால் அமெரிக்காவின் ரபீனோ சமன் செய்வார்; மறுபடி சின்க்ளேர், மறுபடி ரபீனோ. ரபீனோவின் முதல் கோல் கார்னரிலிருந்து நேராக உள்ளே போனது. யார் மேலும் படாமல் அப்படிப் போகும் கோலுக்கு ஸ்பானிய மொழியில் ‘ஒலிம்பிக் கோல்’ என்றே பெயர்: 1924-ல் ஒலிம்பிக் சாம்பியன் உருகுவே மேல் ஒரு அர்ஜென்டினாக்காரர் அப்படிப் போட்டதால் வந்த பெயர். சின்க்ளேர் மூன்றாவது கோலும் போட்டு 3-2. இன்னும் பத்துப் பன்னிரண்டு நிமிடம் தாங்கினால் இறுதி.

கனடா கோல்கீப்பர் எரின் மெக்லியோட் பந்தைக் கையில் பிடித்தால் மெதுவாகத்தான் விடுவார். கோல்கீப்பர் ஆறு வினாடிக்கு மேல் கையில் வைத்திருக்கக் கூடாது என்று விதி உண்டு. யாரும் ஊதமாட்டார்கள், சாலையில் வேக வரம்புப் பலகை மாதிரி ஒரு விதி. அமெரிக்காவின் ஆபி வாம்பாக் நடுவருக்குக் கேட்கும்படி பக்கத்தில் நின்று சத்தமாக எண்ண ஆரம்பித்தார். ஒவ்வொரு முறையும். பின்னால் அவரே இதை ஒப்புக்கொண்டார். நார்வே நடுவர் கடைசியில் ஊதிவிட்டார். கோலுக்கு முன்னால் இருக்கும் பெட்டிக்குள் மறைமுக ஃப்ரீ கிக், அதாவது யார் மேலும் படாமல் நேராக உள்ளே போனால் கோல் ஆகாத உதை. அடித்த பந்து கனடா வீராங்கனை கையில் பட, பெனால்டி. அடித்தவர் வாம்பாக். 3-3. கூடுதல் நேரமும் முடிந்து, 123-வது நிமிடத்தில் அலெக்ஸ் மார்கன் தலையால் முட்டியது உள்ளே போனது. மூன்று கோல் போட்டும் தோற்றார் சின்க்ளேர். ஆட்டம் முடிந்த பிறகு நடுவர்களிடம் முறைகேடாக நடந்துகொண்டார் என்று சொல்லி ஃபிஃபா அவருக்கு நான்கு ஆட்டத் தடையும் போட்டது.

நான் பார்த்த கால்பந்து ஆட்டங்களில், ஆண் பெண் பேதமில்லாமல், முதல் ஐந்தில் இது வரும். ஒன்பது வருஷம் கழித்து டோக்கியோ அரையிறுதியில் கனடா அதே அமெரிக்காவை 1-0 என்று ஜெயித்தது, அதுவும் ஒரு பெனால்டியில். அந்த முறை தங்கம் வாங்கும்போது சின்க்ளேருக்கு 38 வயது. வயது வரம்பு இருந்திருந்தால் இந்தக் கதையின் இரண்டாம் பாகமே இருந்திருக்காது. (அந்த ஆறு வினாடி விதியை 2025-ல் எட்டு வினாடி ஆக்கி, மீறினால் எதிரணிக்குக் கார்னர் என்று மாற்றிவிட்டார்கள். வாம்பாக் இன்றைக்கு ஆடினால் எட்டு வரை எண்ண வேண்டும்.)

அதே கனடா பாரிஸில் என்ன செய்தது என்பதையும் சொல்லாவிட்டால் நியாயமில்லை. நியூசிலாந்து அணியின் பயிற்சிக்கு மேலே டிரோன் பறக்கவிட்டு உளவு பார்த்து மாட்டிக்கொண்டார்கள். கோச் பெவ் பிரீஸ்ட்மனுக்கு ஒரு வருஷத் தடை, அணிக்கு ஆறு புள்ளி கழிவு. மூன்று குரூப் ஆட்டமும் ஜெயித்து ஒன்பது புள்ளி எடுத்து, கழித்தது போக மூன்று புள்ளியோடு காலிறுதிக்குப் போனார்கள். இவ்வளவு நன்றாக ஆடத் தெரிந்தவர்களுக்கு டிரோன் எதற்கு என்று இன்னும் எனக்குப் புரியவில்லை.

பெண்கள் போட்டியிலும் குறை இல்லாமல் இல்லை. பெரிய குறை இடப் பற்றாக்குறை. 1996-ல் 8 அணி, 2004-ல் 10, 2008 முதல் 12. ஆண்களுக்கோ அந்தக் காலம் முழுக்க 16. முழு பலத்தோடு வரும் போட்டிக்கு 12 இடம், இளையோர் போட்டிக்கு 16! பாரிஸுக்கு, நடத்தும் நாடான பிரான்சைச் சேர்த்து, ஐரோப்பாவிலிருந்து மூன்றே அணிகள். உலகக் கோப்பை இறுதிவரை போன இங்கிலாந்து இல்லை, முந்தைய இரண்டு ஒலிம்பிக்கிலும் வெள்ளி வாங்கிய ஸ்வீடனும் இல்லை.

இங்கிலாந்து வராமல் போனது ஒரு தமாஷான சோகம். ஒலிம்பிக்கில் இங்கிலாந்து தனியாக ஆட முடியாது, கிரேட் பிரிட்டன் என்றுதான் போக வேண்டும். பெண்கள் பக்கம், இங்கிலாந்து தகுதி பெற்றால் அதுவே பிரிட்டனின் தகுதி என்று ஏற்பாடு. ஸ்காட்லாந்து வீராங்கனைகளும் அந்த அணியில் இடம் பெறலாம். 2023 டிசம்பரில், ஒலிம்பிக்குக்கான ஐரோப்பியத் தகுதிப் போட்டியின் கடைசி குரூப் ஆட்டத்தில் இங்கிலாந்தின் எதிரணி யார்? ஸ்காட்லாந்து. கிளாஸ்கோவில். அதாவது ஸ்காட்லாந்து பெண்கள் நன்றாக ஆடினால் தங்கள் ஒலிம்பிக் வாய்ப்பையே கெடுத்துக்கொள்வார்கள். ‘விட்டுக்கொடுத்துவிடுவார்களோ’ என்று ஒரு வாரம் பேச்சு. இங்கிலாந்து 6-0 என்று ஜெயித்தது. அது போதுமான கோல் வித்தியாசம்தான், சில நிமிடங்களுக்கு. அதே நேரத்தில் இன்னொரு மைதானத்தில் பெல்ஜியத்தோடு ஆடிய நெதர்லாந்து, ஆட்ட நேரம் முடிந்து சேர்த்த நிமிடங்களில் இரண்டு கோல் போட்டு 4-0 ஆக்கி, குரூப்பில் முதலிடத்தைப் பிடித்துக்கொண்டது. இரண்டையும் போட்டவர் டாமாரிஸ் எகுரோலா. கடைசியில் அந்த நெதர்லாந்தும் மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் ஜெர்மனியிடம் தோற்றுப் பாரிஸ் போகவில்லை.

தங்கத்தின் மதிப்பைக் கேட்டீர்கள். ஆண்கள் தங்கம் ஒரு நல்ல முன்னோட்டம். 2008-ல் இறுதிக் கோல் போட்ட டி மரியா 2022 உலகக் கோப்பை இறுதியிலும் கோல் போட்டார். அடுத்த பத்து வருஷம் யாரைப் பார்க்கப் போகிறோம் என்பதை அங்கே பார்த்துக்கொள்ளலாம். பாரிஸில் ஸ்பெயின் பிரான்சை 5-3 என்று கூடுதல் நேரத்தில் ஜெயித்த மாதிரி ஆட்டமும் கிடைக்கும். பெண்கள் தங்கம் அப்படி இல்லை. அது உலகக் கோப்பைக்குச் சமமாக வீட்டு அலமாரியில் வைக்கும் பொருள். பிரேசிலின் மார்த்தாவிடம் உலகக் கோப்பையும் இல்லை, ஒலிம்பிக் தங்கமும் இல்லை. 2004, 2008, 2024 என்று மூன்று வெள்ளி இருக்கிறது, மூன்றுமே அமெரிக்காவிடம் தோற்று வாங்கியது. அவர் நாட்டின் ஃபோர்மிகா 1996 முதல் டோக்கியோ வரை ஏழு ஒலிம்பிக்கிலும் ஆடினார். இவர்கள் எல்லாம் எந்த மேடையில் வளர்ந்தார்கள் என்று நினைக்கிறீர்கள்? ஜாம்பியாவின் பார்ப்ரா பாண்டா டோக்கியோவில் அடுத்தடுத்த இரண்டு ஆட்டத்தில் மூன்று மூன்று கோல் போட்ட பிறகுதான் உலகம் அவர் பெயரையே கேட்டது. அதில் ஒரு ஆட்டத்தில் ஜாம்பியா 3-10 என்று தோற்றது என்பது வேறு விஷயம்.

2028 லாஸ் ஏஞ்சலிஸில் இந்தக் கணக்கு தலைகீழாகிறது. பெண்களுக்கு 16 அணிகள், ஆண்களுக்கு 12. ஒலிம்பிக்கில் பெண்கள் அணிகள் அதிகமாக இருப்பது இதுவே முதல் முறை. ஃபிஃபா வேலி இன்னும் அதே இடத்தில்தான் இருக்கிறது; அதை எடுப்பார்கள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. இன்னொரு சின்ன விஷயம், பலர் கவனிக்காதது: 1996 முதல் டோக்கியோ வரை ஒவ்வொரு முறையும் பெண்கள் இறுதியை முதலில் முடித்துவிட்டு, ஒன்றிரண்டு நாள் கழித்து ஆண்கள் இறுதியை வைப்பார்கள். பாரிஸில் ஆண்கள் இறுதி ஆகஸ்ட் 9, பெண்கள் இறுதி ஆகஸ்ட் 10. மல்லோரி ஸ்வான்சன் போட்ட ஒரே கோலில் அமெரிக்கா தன் ஐந்தாவது தங்கத்தை வாங்கியதுதான் அந்த ஒலிம்பிக்கில் நடந்த கடைசிக் கால்பந்து ஆட்டம்.